சாலை விபத்தில் காயம்: நஷ்டஈட்டை நீதிமன்றம் எப்படிக் கணக்கிடுகிறது? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கால் உடைந்து கட்டிலில் கிடப்பவரை நலம் விசாரிக்க வருகிறவர்களில் ஒருவராவது, "இதுக்கு அஞ்சு லட்சம் வரும், எங்க மச்சானுக்கு வந்துச்சு" என்று சொல்லிவிட்டுப் போவார். அந்த மச்சானுக்கு என்ன வயது, என்ன வேலை, காயத்துக்குப் பிறகு அந்த வேலையை அவரால் செய்ய முடிந்ததா என்று வீட்டில் யாரும் கேட்பதில்லை. நீதிமன்றம் முதலில் கேட்பது அந்த மூன்றையும்தான். காயம்பட்டவர்கள் தரப்பில் வாதாடும் வழக்கறிஞராக, என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்கப்படும் கேள்விகளையும் அவற்றுக்கு நான் சொல்லும் பதில்களையும் இங்கே எழுதுகிறேன். இவை தமிழ்நாட்டு நடைமுறையை ஒட்டியவை.

வழக்கை எங்கே போட வேண்டும்? விபத்து நடந்த ஊருக்கே அலைய வேண்டுமா?

வேண்டாம். 1988-ம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 166-வது பிரிவின்படி, விபத்து நடந்த இடம், நீங்கள் குடியிருக்கும் அல்லது தொழில் செய்யும் இடம், எதிர்தரப்பினர் இருக்கும் இடம் ஆகிய மூன்றில் எந்த எல்லையிலுள்ள மோட்டார் விபத்து நஷ்டஈட்டுத் தீர்ப்பாயத்திலும் மனு போடலாம். உளுந்தூர்பேட்டை அருகே அடிபட்ட தென்காசிக்காரர் தென்காசியிலேயே போடலாம். கோர்ட் வட்டாரத்தில் இந்த நஷ்டஈட்டு மனுவை எம்.சி.ஓ.பி. என்பார்கள்.

எத்தனை நாளுக்குள் போட வேண்டும்?

விபத்து நடந்த நாளிலிருந்து ஆறு மாதம். 2019 சட்டத் திருத்தம் கொண்டுவந்த இந்தக் கெடு 2022 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. அதற்கு முன்பு பல ஆண்டுகள் காலக்கெடுவே இல்லாமல் இருந்ததால், "கால் சரியான பிறகு பார்த்துக்கொள்ளலாம்" என்று இப்போதும் பலர் இருந்துவிடுகிறார்கள். இந்தக் கெடுவை எதிர்த்த வழக்குகள் உச்ச நீதிமன்றம் வரை போயிருக்கின்றன. அவற்றை நம்பிக் காத்திருக்காதீர்கள். கட்டுப் பிரிக்காவிட்டாலும் மனுவைப் போட்டுவிடுங்கள். ஊனச் சான்றிதழைப் பிறகு தாக்கல் செய்துகொள்ளலாம்.

எந்தெந்த வகையில் பணம் கணக்கிடப்படுகிறது?

ராஜ்குமார் எதிர் அஜய்குமார் என்ற வழக்கில் 2010-ல் உச்ச நீதிமன்றம் தந்த தீர்ப்புதான் காய வழக்குகளுக்கு அடிப்படை. அது கணக்கை இரண்டாகப் பிரிக்கிறது.

முதலாவது பண இழப்பு. மருத்துவச் செலவு, ஆஸ்பத்திரிக்குப் போய்வந்த வண்டிச் செலவு, சத்துணவு, கூட இருந்து பார்த்துக்கொண்டவருக்கான செலவு, படுத்திருந்த மாதங்களில் போன வருமானம், நிரந்தர ஊனத்தால் இனிமேல் குறையப்போகும் வருமானம், எலும்பில் வைத்த பிளேட்டை எடுப்பது போன்ற வருங்கால மருத்துவச் செலவு ஆகியவை இதில் வரும். இரண்டாவது, காசாக அளக்க முடியாத இழப்பு. வலியும் வேதனையும், வாழ்க்கை வசதிகளை இழந்தது, திருமண வாய்ப்பு பாதிக்கப்பட்டது, ஆயுள் குறைவது ஆகியவை இதில் அடங்கும்.

எல்லாருக்கும் எல்லாத் தலைப்பிலும் கிடைக்காது. ஆறு வாரத்தில் கூடிவிடும் சாதாரண முறிவுக்கு மருத்துவச் செலவு, அந்தக் காலத்து வருமான இழப்பு, வலிக்கான தொகை என்ற அளவில் முடிந்துவிடும். நிரந்தர ஊனம் இருந்தால்தான் கணக்கு பெரிதாகும்.

டாக்டர் 40 சதவீத ஊனம் என்று சான்றிதழ் கொடுத்திருக்கிறார். அப்படியென்றால் 40 சதவீத வருமானம் போனதாக எடுத்துக்கொள்வார்களா?

இந்தக் கேள்விகளிலேயே முக்கியமானது இதுதான். பெரும்பாலான வழக்குகள் இங்கேதான் உயர்கின்றன, இங்கேதான் சரிகின்றன.

முதலில், அந்த 40 எதற்கு என்று பாருங்கள். வலது காலுக்கு 40 சதவீதம் என்று இருந்தால், அது அந்தக் காலுக்கு மட்டும் போட்ட கணக்கு. முழு உடம்புக்கு எடுத்தால் அது குறையும். பல சான்றிதழ்களில் இது தெளிவாக இருக்காது. பணம் கட்ட வேண்டிய இன்ஷூரன்ஸ் கம்பெனியின் வக்கீல் குறுக்கு விசாரணையில் டாக்டரிடம் கேட்கும் முதல் கேள்வி பெரும்பாலும் இதுவாகத்தான் இருக்கும்.

அடுத்தது, உடல் ஊனம் வேறு, சம்பாதிக்கும் திறன் குறைவது வேறு. தீர்ப்பாயம் மூன்று படியாகப் பார்க்க வேண்டும் என்று ராஜ்குமார் வழக்கு சொல்கிறது. காயத்துக்குப் பிறகு இவரால் எதைச் செய்ய முடிகிறது, எதைச் செய்ய முடியவில்லை? விபத்துக்கு முன் இவர் என்ன தொழில் செய்தார்? இப்போது அந்தத் தொழிலையோ வேறு தொழிலையோ செய்து பிழைக்க முடியுமா? அந்தத் தீர்ப்பே ஓர் உதாரணமும் தருகிறது. இடது கை துண்டிக்கப்பட்டவர் டிரைவராகவோ தச்சராகவோ இருந்தால் வருமான இழப்பு கிட்டத்தட்ட முழுமையானது. அதே கை போனவர் அரசு அலுவலக எழுத்தராக இருந்து வேலையிலும் தொடர்ந்தால், வருமான இழப்பு என்று எதுவும் இல்லாமலே போகலாம். ராஜ்குமார் பாலாடைக்கட்டி விற்றவர். அவருடைய இடது காலுக்கு டாக்டர் போட்டது 45 சதவீதம். நீதிமன்றம் சம்பாதிக்கும் திறன் இழப்பாக எடுத்துக்கொண்டது 20 சதவீதம்.

எண் மேலே போவதும் உண்டு. ஜகதீஷ் எதிர் மோகன் வழக்கில் (2018) இரு கைகளும் செயலிழந்த தச்சருக்கு மருத்துவர் 90 சதவீதம் சொன்னார். உச்ச நீதிமன்றம் 100 சதவீதமாக எடுத்தது. கை இல்லாத தச்சருக்கு மீதி 10 சதவீதத்தில் என்ன வேலை இருக்கிறது?

நான் நடத்திய ஒரு வழக்கைச் சொல்கிறேன். மனுதாரர் மிதிக்கும் தையல் மிஷினில் துணி தைத்துப் பிழைத்த பெண். வலது கணுக்கால் மடங்காமல் போய்விட்டது. சான்றிதழில் இருந்தது வெறும் 30 சதவீதம். கூண்டில் ஏறியவரிடம், "கோர்ட்டுக்கு எப்படி வந்தீங்க?" என்று எதிர்தரப்பு வக்கீல் கேட்டார். "பஸ்ல." "பஸ் ஸ்டாப்புல இருந்து?" "நடந்து." அவ்வளவுதான், நடக்க முடிகிறது என்று பதிவாகிவிட்டது. அவர் முடித்ததும் என் முறை வந்தபோது நான் ஒன்றே ஒன்றைத்தான் கேட்டேன்: "மிஷினை எப்படி மிதிப்பீங்கன்னு ஐயாவுக்குச் சொல்லுங்க." அவர் குனிந்து தன் பாதத்தைக் காட்டினார். குதிகாலை அழுத்தினால் நுனிப்பாதம் தூக்க வேண்டும், நுனியை அழுத்தினால் குதிகால் தூக்க வேண்டும், நாள் முழுக்க அப்படி ஆட்டிக்கொண்டே இருக்க வேண்டும், இப்போது இது பலகை மாதிரி நிற்கிறது என்றார். நீதிபதி எழுதிக்கொண்டிருந்த பேனாவை வைத்துவிட்டு எட்டிப் பார்த்தார். தீர்ப்பில் வருமான இழப்பு 30-க்கும் மேலே போனது. எக்ஸ்ரேயில் தெரியாத இழப்பு அந்தப் பாதத்தை அவர் ஆட்ட முயன்றபோது தெரிந்தது.

ஆகவே என்னிடம் வருகிறவர்களை முதல் நாளே ஒரு வேலை செய்யச் சொல்வேன். விபத்துக்கு முன் உங்கள் ஒரு நாள் எப்படிப் போனது, காலை முதல் இரவு வரை எதைத் தூக்கினீர்கள், எதில் ஏறினீர்கள், எவ்வளவு நேரம் நின்றீர்கள் என்று ஒரு தாளில் எழுதுங்கள். உங்கள் வக்கீல் கையில் ஊனச் சான்றிதழோடு அந்தத் தாளும் இருக்க வேண்டும்.

கணக்கை ஓர் உதாரணத்தோடு சொல்ல முடியுமா?

32 வயதுக் கொத்தனார் ஒருவர். மாத வருமானம் 15,000 ரூபாய் என்று தீர்ப்பாயம் முடிவு செய்கிறது. சுயதொழில் செய்பவர், 40 வயதுக்குக் கீழ் உள்ளவர் என்பதால் வருங்கால வருமான உயர்வுக்கு 40 சதவீதம் கூட்ட வேண்டும். இது 2017 அக்டோபர் 31 அன்று பிரணய் சேத்தி வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு வகுத்த விகிதம். இப்போது 21,000. ஆண்டுக்கு 2,52,000.

அடுத்தது வயதுக்கான பெருக்கு எண். இது 2009-ம் ஆண்டு சர்லா வர்மா தீர்ப்பின் பட்டியலிலிருந்து வருகிறது. 15 முதல் 25 வயது வரை 18, 26 முதல் 30 வரை 17, 31 முதல் 35 வரை 16, 36 முதல் 40 வரை 15, 41 முதல் 45 வரை 14, 46 முதல் 50 வரை 13. அதன் பிறகு ஐந்தைந்து வயதுக்கு 11, 9, 7 என்று இறங்கி, 65-க்கு மேல் 5. நம் கொத்தனாருக்கு 16. 2,52,000-ஐ 16-ஆல் பெருக்கினால் 40,32,000. சாரத்தில் ஏற முடியாத இவருக்குச் சம்பாதிக்கும் திறன் இழப்பு 40 சதவீதம் என்று வைத்தால், வருங்கால வருமான இழப்பு 16,12,800 ரூபாய். இதோடு மற்றத் தலைப்புகளைக் கூட்டுவார்கள்.

இறந்தவர் வழக்கில், அவர் உயிரோடு இருந்தால் தனக்கென்று செலவழித்திருப்பார் என்று மூன்றில் ஒரு பங்கோ நான்கில் ஒரு பங்கோ கழிப்பார்கள். காய வழக்கில் அந்தக் கழிவு கிடையாது. ஆள் உயிரோடு இருக்கிறார், அவருக்கும் சாப்பாடு வேண்டும். தீர்ப்பு நகல் கைக்கு வந்ததும் இந்த ஒன்றைச் சரிபாருங்கள்.

வருங்கால உயர்வு இறப்பு வழக்குக்குத்தான், காயத்துக்கு இல்லை என்று இன்னும் வாதாடுகிறவர்கள் உண்டு. 2020-ல் பப்பு தேவ் யாதவ் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை மறுத்துவிட்டது. வலது கையை இழந்த டைப்பிஸ்ட் இளைஞர் அவர். உயர் நீதிமன்றம் 45 சதவீதமாகக் குறைத்த இழப்பை 65 சதவீதமாக உயர்த்தி, வருங்கால உயர்வையும் சேர்த்துக் கொடுத்தார்கள்.

"ஒரு சதவீதத்துக்கு 5,000 ரூபாய்" என்கிறார்களே, அது என்ன?

நம் ஊர்த் தீர்ப்பாயங்களில் வழங்கிவரும் வேறொரு முறை. ஊனம் இருக்கிறது, ஆனால் அதனால் வருமானம் குறையவில்லை என்று தோன்றினால், பெருக்கு எண்ணை விட்டுவிட்டு ஒவ்வொரு சதவீத ஊனத்துக்கும் இவ்வளவு ரூபாய் என்று மொத்தமாகக் கொடுப்பார்கள். 2,000, 3,000 என்று இருந்து பிறகு 5,000 வரை வந்தது. 25 சதவீதம் என்றால் 1,25,000. உட்கார்ந்தே வேலை பார்ப்பவருக்கு இது நியாயமாக இருக்கலாம். மூட்டை தூக்குபவருக்கும் இதே கணக்கைப் போட்டால் அது அநியாயம், மேல்முறையீடு செய்யத் தகுந்த விஷயம். எங்கள் கொத்தனாருக்கு இந்த முறையில் 40 சதவீதத்துக்கு 2 லட்சம்தான் வரும். பெருக்கு முறையில் 16 லட்சம் என்று மேலே பார்த்தோம்.

எனக்குச் சம்பளச் சீட்டு கிடையாது. தினக்கூலி. வருமானத்தை எப்படி நிரூபிப்பது?

நிரூபிக்க முடியாததாலேயே வழக்கு தோற்காது. அந்த வட்டாரத்தில் அந்த வேலைக்கு என்ன கூலி என்பதைப் பார்த்துத் தீர்ப்பாயம் ஒரு தொகையை எடுக்கலாம். சையது சாதிக் வழக்கில் (2014) கால் இழந்த காய்கறி வியாபாரியிடம் எந்தச் சான்றும் இல்லை. மாதம் 3,500 என்று தீர்ப்பாயம் எடுத்ததை உச்ச நீதிமன்றம் 6,500 ஆக உயர்த்தியது. காய்கறி விற்பவரிடம் வருமானச் சான்று எதிர்பார்க்கக் கூடாது என்பதுதான் அதன் சாரம். ஆனாலும் கையில் இருப்பதைக் கொடுங்கள்: கட்டுமானத் தொழிலாளர் நல வாரிய அட்டை, கூகுள் பே வரவுகள், மகளிர் குழுக் கடன் தவணைப் புத்தகம், வேலை கொடுத்தவரின் சாட்சியம். விபத்து நடந்த வருடத்துக்கான குறைந்தபட்சக் கூலி அறிவிப்பையும் உங்கள் வக்கீல் தாக்கல் செய்யட்டும்.

வேலைக்குப் போகாத இல்லத்தரசிக்கும் குழந்தைக்கும் என்ன கணக்கு?

இல்லத்தரசியின் உழைப்புக்கு வருமான மதிப்பு உண்டு என்பதை உச்ச நீதிமன்றம் பல தீர்ப்புகளில், 2021-ல் கீர்த்தி வழக்கிலும், உறுதியாகச் சொல்லியிருக்கிறது. சமைக்க, தண்ணீர் எடுக்க, பிள்ளைகளைப் பார்க்க முடியாமல் போனதைச் சாட்சியத்தில் விரிவாகச் சொல்ல வேண்டும். மனுவில் "வேலை: இல்லை" என்று எழுத விடாதீர்கள்.

குழந்தைகளுக்கு 2013-ம் ஆண்டு மாஸ்டர் மல்லிகார்ஜுன் தீர்ப்பு ஊன அளவுக்கு ஏற்ப மொத்தத் தொகைகளை வகுத்தது. 10 முதல் 30 சதவீதம் வரை 3 லட்சம், 60 வரை 4 லட்சம், 90 வரை 5 லட்சம், அதற்கு மேல் 6 லட்சம். படுத்த படுக்கையாகிவிட்ட பிள்ளைக்கு இது எந்த மூலைக்கு? 2020-ல் காஜல் வழக்கில், தலையில் அடிபட்டு முழுக்கச் செயலிழந்த 12 வயதுச் சிறுமிக்குப் பார்த்துக்கொள்ளும் ஆட்களின் செலவை மட்டும் மாதம் 10,000 என்று வைத்து, பெருக்கு எண் 18-ஆல் 21,60,000 கொடுத்தார்கள். மொத்தம் 62 லட்சத்தைத் தாண்டியது. பலத்த காயம்பட்ட குழந்தைக்கு வழக்கு நடத்துகிறவர்கள் இந்தத் தீர்ப்பைக் கட்டாயம் காட்ட வேண்டும்.

அம்மாதான் கூட இருந்து பார்த்துக்கொண்டார். அதற்குக் காசு கேட்கலாமா?

கேட்கலாம். வீட்டு ஆள் என்பதால் அந்த உழைப்பு இலவசம் ஆகிவிடாது. அரசு ஆஸ்பத்திரியில் சேர்ந்ததால் பில்லே இல்லை என்றாலும் பார்த்துக்கொண்டவர், சத்துணவு, போக்குவரத்து ஆகிய தலைப்புகள் அப்படியே இருக்கும்.

ஹெல்மெட் போடவில்லை, லைசென்ஸும் இல்லை. நஷ்டஈடு போய்விடுமா?

தானாகப் போகாது. தவறு விபத்துக்கோ காயத்துக்கோ காரணமாக இருந்ததா என்பதுதான் கேள்வி. நின்றுகொண்டிருந்த உங்களை லாரி பின்னால் வந்து இடித்திருந்தால், லைசென்ஸ் இல்லாததற்கும் அந்த விபத்துக்கும் தொடர்பில்லை. ஒரே பைக்கில் மூன்று பேர் போனதாலேயே விபத்தில் அவர்களுக்கும் தவறில் பங்கு உண்டு என்று சொல்லிவிட முடியாது, அதனால்தான் விபத்து நடந்தது என்று காட்ட வேண்டும் என்று 2020-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் ஹெல்மெட் இல்லாமல் தலையில் அடி என்றால் ஒரு பகுதி கழிக்கப்படும் அபாயம் நிஜமாகவே உண்டு. தலைக்காய வழக்குகளைப் பார்த்தவன் என்ற முறையில் சொல்கிறேன், கழிக்கப்படும் பணம் அதில் சின்ன இழப்பு.

இடித்த வண்டி நிற்காமல் போய்விட்டது.

வண்டி எண் தெரியாவிட்டால் அரசுத் திட்டத்தில் பலத்த காயத்துக்கு 50,000, இறப்புக்கு 2 லட்சம். வண்டி அகப்பட்டு, யார் தவறு என்று நிரூபிக்க முடியாத நிலை என்றால் 164-வது பிரிவில் பலத்த காயத்துக்கு இரண்டரை லட்சம் கேட்கலாம். எலும்பு முறிவு பலத்த காயத்தில் சேரும். 164-ல் தொகை வாங்கிவிட்டால் பிறகு 166-க்குப் போக முடியாது, அதனால் பெரிய ஊனம் உள்ளவர்கள் அவசரப்பட வேண்டாம்.

எந்தக் காகிதம் இல்லாததால் வழக்குகள் தோற்கின்றன?

இல்லாத காகிதத்தைவிடத் தவறாக எழுதப்பட்ட காகிதத்தால்தான் அதிகம் தோற்கின்றன. கேஷுவல்டியில் டாக்டர் "எப்படி ஆச்சு?" என்று கேட்டு எழுதும் விபத்துப் பதிவேட்டை ஏ.ஆர். காப்பி என்போம். அழைத்துவந்தவர் பதற்றத்தில், போலீஸ் தொல்லை வேண்டாம் என்று நினைத்து, "பைக்ல இருந்து தவறி விழுந்துட்டாருங்க" என்று சொல்லிவிடுவார். அந்த ஒரு வரி போதும். இன்ஷூரன்ஸ் கம்பெனி அதை ஃபிரேம் போட்டு மாட்டாத குறையாக எடுத்துவரும். எந்த வண்டி, எங்கே இடித்தது என்று முதல் வாயிலேயே சரியாகச் சொல்லுங்கள். போலீஸில் புகார் வாங்கியதற்குத் தரும் சி.எஸ்.ஆர். ரசீதோடு திரும்பிவிடாமல் எஃப்.ஐ.ஆர். பதிவாகிறதா என்று பாருங்கள். 2022 விதிகளின்படி போலீஸ் 48 மணி நேரத்துக்குள் முதல் விபத்து அறிக்கையும், 90 நாளுக்குள் விரிவான விபத்து அறிக்கையும் தீர்ப்பாயத்துக்கு அனுப்ப வேண்டும்.

ஆனால் குற்ற வழக்கு அளவுக்குச் சந்தேகமற நிரூபிக்க வேண்டிய தேவை இங்கே இல்லை. எது நடந்திருக்க அதிக வாய்ப்பு என்று பார்ப்பார்கள். டிரைவர் கிரிமினல் வழக்கில் விடுதலை ஆனாலும் உங்கள் நஷ்டஈட்டு மனு நிற்கும்.

சமரசம் பேசி முடிக்கும் லோக் அதாலத்தில் (மக்கள் நீதிமன்றத்தில்) முடித்துக்கொள்ளலாமா?

சீக்கிரம் பணம் வரும், ஆனால் அங்கே முடித்தால் அப்பீல் கிடையாது. உங்கள் வயது, வருமானம், ஊனம் மூன்றையும் மேலே சொன்ன கணக்கில் போட்டு, ஓர் எண்ணைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு போங்கள். அந்த எண் தெரியாமல் உட்காருகிறவர், எதிரே இருப்பவர் முதலில் சொல்லும் தொகைக்கே தலையாட்டிவிடுகிறார்.

வக்கீல் "வர்றதுல இவ்வளவு சதவீதம்" என்கிறார்.

வழக்கின் முடிவைப் பொறுத்துப் பங்கு கேட்பதை இந்திய வழக்கறிஞர் கழக விதிகள் தடை செய்கின்றன. ஆஸ்பத்திரி வார்டுக்கே வந்து வெற்றுத் தாளில் கையெழுத்து கேட்கும் இடைத்தரகர்களிடம் எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள். ஃபீஸை முன்கூட்டியே ரூபாயில் பேசிக்கொள்ளுங்கள். பணம் உங்கள் பெயரிலுள்ள வங்கிக் கணக்குக்கு வரட்டும், பாஸ்புக் உங்கள் வீட்டில் இருக்கட்டும்.

தீர்ப்பு வந்துவிட்டது, பணம் வரவில்லை. தொகையும் குறைவு.

குறைவு என்றால் 90 நாளுக்குள் உயர் நீதிமன்றத்தில், அதாவது சென்னையிலோ மதுரைக் கிளையிலோ, மேல்முறையீடு செய்யலாம். கேட்ட தொகையைவிட அதிகம் தர நீதிமன்றத்துக்குத் தடையில்லை என்று 2002-ல் நாகப்பா வழக்கிலேயே சொல்லியாகிவிட்டது. அதனால் மனுவில் குறைத்துக் கேட்டுவிட்டோமே என்று தயங்க வேண்டாம்.

பணம் வராவிட்டால், தீர்ப்பை அமல்படுத்தக் கேட்கும் நிறைவேற்று மனு போட வேண்டும். அரசுப் போக்குவரத்துக் கழகப் பேருந்துகளுக்கு வெளி இன்ஷூரன்ஸ் இல்லாமல் கழகமே நேரடியாகக் கட்ட வேண்டிய நிலை இருப்பதால், அங்கே தாமதம் அதிகம். பஸ் ஸ்டாண்டில் கோர்ட் அமீனா வந்து, பயணிகளை இறக்கிவிட்டு, பேருந்தை ஜப்தி செய்து கோர்ட் வளாகத்துக்கு ஓட்டிப்போகும் செய்தியைப் பத்திரிகையில் பார்த்திருப்பீர்கள். அதற்குப் பின்னால் எங்கோ ஒரு வீட்டில் பல வருடமாகக் காத்திருக்கும் ஒரு கால் இருக்கிறது. மனு போட்ட நாளிலிருந்து பணம் கட்டப்படும் நாள் வரை வட்டி ஓடும், இங்கே பெரும்பாலும் 7.5 சதவீதம். டெபாசிட் ஆனதும் வட்டி எந்தத் தேதி வரை போடப்பட்டிருக்கிறது என்று பார்த்து, குறைந்திருந்தால் மீதித் தொகைக்கும் அதே நிறைவேற்று மனுவிலேயே கேளுங்கள்.